பூட்டிய கைப்பேசியும் டெக்னீஷியன் மென்பொருளும்: கடைக்காரர்களுக்கான முழுமையான வழிகாட்டி

கோலாலம்பூர் லோ யாட் பிளாசாவின் மேல்மாடியானாலும் சரி, பிரிக்பீல்ட்ஸ், செந்தூல் பக்கத்து ஒற்றைக் கதவுக் கடையானாலும் சரி, கவுண்டரில் வந்து விழும் கேள்வி ஒன்றுதான்: "அண்ணே, போன் லாக் ஆயிடுச்சு, திறக்க எவ்வளவு?" விலையைச் சொல்லிவிட்டுக் கையோடு கேபிளைச் செருகும் இடத்தில்தான் பெரும்பாலான வம்பு தொடங்குகிறது. வாடிக்கையாளர் "லாக்" என்று சொல்வது குறைந்தது நான்கு வெவ்வேறு சங்கதி. ஒன்றுக்கு மென்பொருளே தேவையில்லை. ஒன்றுக்கு எந்த மென்பொருளும் உதவாது. ஒன்றை, உதவினாலும் தொடக்கூடாது.

கணினியில் செருகும் உரிமச் சாவியான டாங்கிளோ, பழுதுபார்ப்பவர்களுக்கென்று விற்கும் உரிமம் வாங்கிய மென்பொருளோ வைத்து வேலை செய்கிறவர்களுக்காக எழுதியது இது. பூட்டை ஏமாற்றும் குறுக்குவழி இதில் கிடையாது. அந்தக் குறுக்குவழிகள் மாதத்துக்கு ஒருமுறை வரும் பாதுகாப்பு அப்டேட்டில் செத்துப்போகின்றன. கீழே உள்ள ஒழுங்கு அப்படிச் சாகாது.

எந்தப் பூட்டு என்று கண்ணால் பாருங்கள்

திரைப் பூட்டு என்றால் பின் நம்பர், பேட்டர்ன், கடவுச்சொல். போன் ஓடிக்கொண்டிருக்கும், அழைப்புகூட வரும், உள்ளே போகத்தான் முடியாது.

கணக்குப் பூட்டு, போனை முழுதாக அழித்து ரீசெட் செய்த பிறகு, முன்பிருந்த கணக்கைக் கேட்டு எழும்புவது. ஆண்ட்ராய்டில் இதற்கு எஃப்ஆர்பி (ஃபேக்டரி ரீசெட் புரொடெக்‌ஷன்) என்று பெயர், 5.1 பதிப்போடு வந்தது. ஐபோனில் ஆக்டிவேஷன் லாக், 2013இல் ஐஓஎஸ் 7 உடன் வந்தது. ஷாவ்மியில் மி அக்கவுண்ட் பூட்டு.

மூன்றாவது, நிறுவனம் அல்லது தவணைக் கடை போட்ட பூட்டு. இதைத் தவறவிடாமல் பிடிக்கச் சாம்சங்கில் ஒரு வழி உண்டு. போனை அணைத்து, இரண்டு ஒலி விசைகளையும் அழுத்திப் பிடித்தபடி கணினிக் கேபிளைச் செருகி, எச்சரிக்கைத் திரையில் ஒலியைக் கூட்டும் விசையை ஒருமுறை அழுத்தினால் டவுன்லோட் மோட் வரும். மேல் இடது மூலையில் பொடி எழுத்தில் நான்கைந்து வரி இருக்கும். அதில் "கேஜி ஸ்டேட்" என்ற வரியைப் படியுங்கள். கேஜி என்பது நாக்ஸ் கார்டு, தவணை கட்டாத போனைத் தொலைவிலிருந்தே பூட்டும் சாம்சங் சேவை. அங்கே "ஆக்டிவ்" அல்லது "லாக்ட்" என்று இருந்தால், அந்தப் போனின் சாவி விற்றவரிடமோ கடன் கொடுத்தவரிடமோ இருக்கிறது. "பிரீநார்மல்", "செக்கிங்" என்று இருப்பது வேறு. லாக்ட் என்று இருக்கும் போனை அப்படியே திருப்பிக் கொடுத்து, தவணை கட்டும் இடத்துக்கு அனுப்புங்கள். ஆபீஸ் கொடுத்த போன் என்றால் அந்த ஆபீஸின் ஐடி பிரிவுக்கு. ஊழியர் வேலையை விட்டு வந்தபின் கொண்டுவரும் போன் இதில் அதிகம்.

நான்காவது, வெளிநாட்டுத் தொலைத்தொடர்பு நிறுவனத்தின் சிம் பூட்டு. அதைத் திறக்க வேண்டியது விற்ற நிறுவனம். அதற்கு மேல் பேச ஒன்றுமில்லை.

இந்தப் போன் யாருடையது?

இதைக் கேட்பதற்குக் கூச்சப்படும் கடைக்காரர்கள் உண்டு. வாடிக்கையாளரைத் திருடன் என்று சொல்வதுபோல ஆகிவிடுமே என்ற தயக்கம். எல்லாரிடமும் ஒரே மாதிரி கேட்டால் அந்தத் தயக்கம் போய்விடும். "அக்கா, எல்லாருக்கும் இதே ஃபார்ம்தான், ஐசி கொஞ்சம் காட்டுங்க" என்று அடையாள அட்டையைக் கேட்டால் யாரும் கோபப்படுவதில்லை. கோபப்பட்டால் அதுவும் ஒரு தகவல்தான்.

பார்க்க வேண்டியவை இவை. பெட்டியில் உள்ள ஐஎம்இஐ எண்ணும் (ஒவ்வொரு போனுக்கும் உரிய அடையாள எண்) போனில் உள்ள ஐஎம்இஐயும் ஒன்றா? போன் ஓடினால் அழைப்புத் திரையில் *#06#. பூட்டியிருந்தால் சிம் தட்டையோ பின்புறத்தையோ பாருங்கள், பல மாடல்களில் அங்கே பொறித்திருக்கும். 15 இலக்கம். இரண்டு சிம் என்றால் இரண்டு எண்கள், இரண்டையும் எழுதுங்கள். பெட்டி மட்டும் ஆதாரம் ஆகாது, பெட்டி குப்பையிலும் கிடைக்கும். ரசீதில் அதே எண்ணோ சீரியல் எண்ணோ இருக்க வேண்டும்.

கடை ரசீது அனல் தாளில் அச்சாவதால் ஒரு வருடத்தில் வெளுத்துப்போகும். ஆன்லைனில் வாங்கியிருந்தால் ஆர்டர் பக்கத்தை அவர்களே அவர்கள் கணக்கில் திறந்து காட்டட்டும். படம் பிடித்து வைத்த ஸ்கிரீன்ஷாட் வேண்டாம்.

ரசீதே இல்லாதவருக்கும் நல்ல வழி ஒன்று இருக்கிறது. வேறொரு போனில் அவருடைய கூகுள் கணக்கில் நுழைந்து, தொலைந்த போனைத் தேடும் பக்கத்தில் இந்தப் போனைத் தொட்டு, தகவல் குறியை அழுத்தினால் ஐஎம்இஐ தெரியும். ஆப்பிள் கணக்கின் சாதனப் பட்டியலிலும் அப்படியே. உங்கள் கையில் உள்ள எண்ணோடு அது பொருந்தினால், அதைவிடப் பெரிய ஆதாரத்தை ரசீதுகூடத் தராது. அந்தக் கணக்கில் நுழைய முடிகிறவருக்கு அநேகமாக உங்கள் மென்பொருளே தேவைப்படாது என்பதையும் இங்கேயே கவனித்துவிடுங்கள்.

திரையில் "தொலைந்த போன், இந்த எண்ணை அழைக்கவும்" என்று செய்தி இருந்தால், வேலையை எடுக்காதீர்கள். அந்த எண்ணை அழைத்துப் பேசலாம். கொண்டுவந்தவரோடு சண்டைக்குப் போவதோ, போனைப் பிடுங்கி வைப்பதோ உங்கள் வேலையல்ல. நாள், நேரம், ஐஎம்இஐ குறித்துக்கொண்டு காவல் நிலையத்தில் சொல்லுங்கள்.

சட்டத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். மலேசியாவின் கணினிக் குற்றச் சட்டம் 1997, பிரிவு 3: அனுமதியின்றி நுழைந்தால் 50,000 ரிங்கிட் வரை அபராதம், ஐந்தாண்டு வரை சிறை, அல்லது இரண்டும். பிரிவு 5: அனுமதியின்றி உள்ளடக்கத்தை மாற்றினால் 100,000 ரிங்கிட், ஏழாண்டு. திருட்டுப் பொருளைத் தெரிந்தே வாங்கி வைப்பது தண்டனைச் சட்டத்தின் 411ஆம் பிரிவில் வரும். "மென்பொருளை நான் காசு கொடுத்து வாங்கினேன்" என்பது இவற்றில் எதற்கும் பதில் ஆகாது. மென்பொருளின் உரிமம் மென்பொருளுக்குத்தான். போனைத் தொடும் அனுமதியைப் போனின் சொந்தக்காரர்தான் தர முடியும்.

ஐசியை நகல் எடுத்து அடுக்கி வைக்காதீர்கள். பார்த்து, பெயரையும் கடைசி நான்கு எண்களையும் எழுதி, கையோடு திருப்பிக் கொடுங்கள். தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 2010, கடைகள் வணிகத்துக்காகச் சேர்க்கும் விவரங்களையும் கட்டுப்படுத்துகிறது. 2024 திருத்தத்தில், அதன் கொள்கைகளை மீறுவதற்கான உச்ச அபராதம் 300,000 ரிங்கிட்டிலிருந்து பத்து லட்சம் ரிங்கிட்டுக்கு ஏறியது. மேசை இழுப்பறையில் இருநூறு ஐசி நகல் இருப்பது பலமல்ல, பாரம்.

உள்ளே இருப்பது போகும் என்பதைக் காசு வாங்குமுன் சொல்லுங்கள்

வாடிக்கையாளருக்கு வேண்டியது பெரும்பாலும் போன் அல்ல, உள்ளே இருக்கும் படங்கள். ஆண்ட்ராய்டு 10 உடன் வெளியான எல்லாப் போன்களிலும் கோப்புகள் மறையாக்கம் செய்யப்பட்டவை. திறவுகோல் சிப்புக்குள் இருக்கிறது, அதை எழுப்புவது பின் நம்பர். ரீசெட் செய்தால் திறவுகோலே அழிந்துவிடும். பிறகு மெமரியைக் கழற்றிப் படித்தாலும் கிடைப்பது குப்பைதான். "டேட்டா போகாமல் திறந்து தருகிறோம்" என்று பலகை வைப்பவர்கள் பத்து வருடத்துக்கு முந்தைய போன்களை மனத்தில் வைத்துப் பேசுகிறார்கள்.

ஆகவே ரீசெட்டுக்கு முன் இவற்றை முயலுங்கள். பின் நம்பர் தெரியும், தொடுதிரைதான் உடைந்தது என்றால் அது பூட்டுச் சிக்கலே இல்லை: ஓடிஜி இணைப்பில் (போனில் யுஎஸ்பி சாதனத்தைச் செருக உதவுவது) ஒரு மவுஸைச் செருகினால் அம்பு வரும், அதைக்கொண்டே பேட்டர்னைப் போடலாம். படமும் வராவிட்டால், சோதனைக்கென்று வைத்திருக்கும் திரையை மாட்டுங்கள். ஐபோனில் நேற்றுதான் எண்ணை மாற்றி மறந்துவிட்டார் என்றால், ஐஓஎஸ் 17க்குப் பிறகு மாற்றிய 72 மணி நேரத்துக்குள் பழைய எண்ணைப் போட்டு உள்ளே போகலாம். பூட்டுத் திரையில் "ஃபர்காட் பாஸ்கோட்" என்பதைத் தொட்டால் அந்த வழி காட்டும். மூன்று நாள் என்பதால் இதை முதல் கேள்வியாகக் கேளுங்கள்.

ஃபார்மில் ஒரு வரி தனியாக, வாடிக்கையாளர் படிக்கும் மொழியில் இருக்கட்டும்: "போனில் உள்ள படம், செய்தி, எண்கள் அனைத்தும் அழியும். சம்மதம்." அதன் பக்கத்தில் தனிக் கையெழுத்து. கீழே மொத்தமாகப் போடும் கையெழுத்து போதாது; சச்சரவு வரும்போது "அதை நான் படிக்கல தம்பி" என்றுதான் பதில் வரும்.

கணக்குப் பூட்டு: சொந்தக்காரர் வழியே முதலில்

கூகுள் கணக்கை மீட்க உங்கள் கடைக் கணினியில் முயல வேண்டாம். கூகுள் பழகிய சாதனத்தையும் பழகிய இடத்தையும் பார்க்கிறது. புது இடத்தில் புதுக் கணினியில் பத்துமுறை தட்டினால் சந்தேகம் கூடும், கதவு இன்னும் இறுகும். வாடிக்கையாளரை வீட்டுக்கு அனுப்பி, வீட்டு வைஃபையில், ஏற்கெனவே பயன்படுத்திய லேப்டாப்பிலோ மகனின் போனிலோ முயலச் சொல்லுங்கள். கடவுச்சொல்லை மாற்றியபின் 24 மணி நேரம் பொறுத்துத்தான் ரீசெட் செய்ய வேண்டும். இன்று மாற்றி இன்றே கொண்டுவந்தால், கடவுச்சொல் சரியாக இருந்தும் போன் ஏற்காது. நாளை மதியம் வரச் சொல்லுங்கள்.

பல மாடல்களில் ரீசெட்டுக்குப் பிறகு கூகுள் கணக்குக்குப் பதில் பழைய பின் நம்பரையும் ஏற்கும் தேர்வு ஒன்று வரும். அதைக் கவனிக்காமல் தாண்டிப்போகிறவர்கள் நிறையப் பேர். போனில் எத்தனை கணக்கு இருந்தது என்றும் கேளுங்கள். பிள்ளைகளின் பள்ளிக் கணக்கோ கணவரின் கணக்கோ சேர்ந்திருக்கலாம்.

கணக்கு மீளவே இல்லை, ஆனால் ரசீது கச்சிதம் என்றால் தயாரிப்பாளரின் சேவை மையமே சரியான இடம். மென்பொருளால் எஃப்ஆர்பியை நீக்குவது, மேலே சொன்ன ஆதாரங்கள் எல்லாம் பொருந்தி, கையெழுத்தும் இருக்கும்போது மட்டும் யோசிக்க வேண்டிய கடைசி வேலை. அப்போதும் உறுதி சொல்லாதீர்கள். ஆண்ட்ராய்டு 15இல் அமைவுத் திரையைத் தாண்டிப் போனாலும் பூட்டு பின்தொடரும்: புதுக் கணக்கு சேர்க்க முடியாது, புதுப் பூட்டு வைக்க முடியாது, செயலி இறக்க முடியாது.

ஐபோனில் விஷயம் இன்னும் எளிது, ஏனென்றால் வழி குறைவு. பழைய சொந்தக்காரர் ஐகிளவுட் தளத்தில் நுழைந்து, சாதனத்தைத் தேர்ந்து, கணக்கிலிருந்து நீக்கினால் முடிந்தது. அவர் ஜொகூரில் இருந்தாலும் பரவாயில்லை, போனை அனுப்ப வேண்டாம். யாரென்று தெரியாவிட்டால், பூட்டுத் திரையில் பாதி மறைத்த மின்னஞ்சல் முகவரி வாடிக்கையாளருக்கு நினைவூட்டும். அசல் ரசீது இருந்தால் ஆப்பிளிடமே பூட்டை நீக்க விண்ணப்பிக்கலாம். லாஸ்ட் மோடில் இருக்கும் போனையும் நிறுவனம் நிர்வகிக்கும் போனையும் ஏற்கமாட்டார்கள். பழைய சொந்தக்காரரும் கிடைக்கவில்லை, அசல் ரசீதும் இல்லை என்றால் ஆக்டிவேஷன் லாக் வேலையை வாங்காதீர்கள்.

திரைப் பூட்டு மட்டும் உள்ள ஐபோன் 8க்கும் அதற்குப் பிந்தையவற்றுக்கும்: அணையுங்கள், பக்க விசையை அழுத்திப் பிடித்தபடி கணினியோடு இணையுங்கள், ரெக்கவரித் திரை வரும்வரை விடாதீர்கள், பிறகு ரீஸ்டோர். கோப்பு இறங்க 15 நிமிடத்துக்கு மேல் ஆனால் போன் தானாக அந்தத் திரையிலிருந்து வெளியேறிவிடும். பழுது இல்லை, இறக்கம் முடிந்தபின் மறுபடி இணைத்தால் போதும். முடிந்ததும் ஆப்பிள் கணக்கைக் கேட்கும், அது வாடிக்கையாளருக்குத் தெரியுமா என்று தொடங்குமுன் கேட்டிருக்க வேண்டும்.

இறந்தவரின் போனோடு மனைவியோ மகளோ வருவார்கள். இங்கே அவசரப்படாதீர்கள். இறப்புச் சான்றிதழோடு ஆப்பிளிடமும் கூகுளிடமும் தனி நடைமுறை இருக்கிறது, ஆனால் ஆப்பிளாலும் பின் நம்பரைச் சொல்ல முடியாது. பூட்டு நீங்கினாலும் போன் வெறுமையாகத்தான் கிடைக்கும். படங்கள் வேண்டுமென்றால் கூகுள் போட்டோஸ், ஐகிளவுட், குடும்ப வாட்ஸ்அப் குழு, பழைய லேப்டாப் இவற்றில் தேடச் சொல்லுங்கள். கட்டணம் வாங்காத ஐந்து நிமிடப் பேச்சுதான் அது. ரீசெட் செய்துவிட்டால் பின்னால் திரும்ப வழியே கிடையாது.

மேசை

மென்பொருள் ஓடும் கணினியில் கடைக் கணக்கோ வங்கி இணையதளமோ இருக்கக்கூடாது. தனிக் கணினி, பழையதானாலும் போதும். மேசைக் கணினியைவிட லேப்டாப் நல்லது: கோலாலம்பூரில் பிற்பகல் இடிமழையில் மின்சாரம் ஒரு நொடி கண் சிமிட்டினாலும் அடிப்படை மென்பொருளான ஃபர்ம்வேரைப் பாதி எழுதிக்கொண்டிருந்த போன் செத்துவிடும். லேப்டாப்பின் பேட்டரி அதைத் தாங்கும். போனில் குறைந்தது பாதி சார்ஜ். கேபிள் குட்டையாக, டேட்டா போகும் கேபிளாக இருக்கட்டும். ஹப் வழியாகச் செருக வேண்டாம்.

போனைக் கணினி அறிய உதவும் டிரைவர் சரியா என்று விண்டோஸின் டிவைஸ் மேனேஜரில் பாருங்கள். குவால்காம் சிப் உள்ள போன், அவசர எழுதும் நிலையான இடிஎல்லில் "க்யூடிலோடர் 9008" என்று தெரிய வேண்டும். "க்யூஎச்எஸ்யுஎஸ்பி பல்க்" என்று மஞ்சள் குறியோடு இருந்தால் டிரைவர் ஏறவில்லை. மென்பொருளைத் திட்டுவதற்கு முன் இதைப் பாருங்கள்.

கிராக் செய்த மென்பொருளைத் தொடவே வேண்டாம். "ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு நிறுவுங்கள்" என்ற முதல் வரியிலேயே அதன் யோக்கியதை தெரிந்துவிடும். அந்தக் கணினியில் செருகும் ஒவ்வொரு போனும் அதற்கு இரை.

எழுதும் வேலை: எங்கே தவறுகிறது

பூட்டோடு சேர்ந்து வருவது பூட்லூப் (போன் முழுதாக எழும்பாமல் திரும்பத் திரும்ப மறுதொடக்கமாவது), பாதியில் நின்ற அப்டேட். டெக்னீஷியன் மென்பொருளுக்கு உண்மையான வேலை இங்கேதான்.

எழுதுமுன் படியுங்கள். சொந்தக்காரர் சம்மதத்தோடு ஐஎம்இஐ, ரேடியோ அளவீடுகள் இருக்கும் பகுதிகளை முதலில் காப்பு எடுங்கள்: மீடியாடெக்கில் என்விராம், என்விடேட்டா, புரொடெக்ட் 1, 2, சாம்சங்கில் இஎஃப்எஸ், குவால்காமில் மோடம்எஸ்டி 1, 2, எஃப்எஸ்ஜி. மென்பொருள் அனுமதிக்கும் மாடலில் சில நிமிட வேலை.

மீடியாடெக் சிப் உள்ள போனுக்கு எழுதும் எஸ்பி ஃபிளாஷ் டூல் மென்பொருளில் ஒரு கீழ்விரி பட்டியல் இருக்கிறது: "டவுன்லோட் ஒன்லி", "ஃபர்ம்வேர் அப்கிரேட்", "ஃபார்மட் ஆல் + டவுன்லோட்". மூன்றாவதைத் தேர்ந்தால் போன் நன்றாகவே எழும்பும், திரையும் ஒளிரும். பிறகு வைஃபையைத் திறந்தால் பட்டியலில் "என்விராம் வார்னிங்: எர்ர் = 0x10" என்று ஒரு பெயர் நிற்கும். சிம் ஏறாது, *#06# போட்டால் எண் இருக்காது. அந்தப் போனுக்கே உரிய அளவீடுகளை நீங்கள் அழித்துவிட்டீர்கள். காப்பு இருந்தால் திரும்ப எழுதலாம். இல்லாதபோது வேறொரு போனின் எண்ணை எழுதி ஒப்பேற்றுவதுதான் பலர் செய்வது. அது பழுதுபார்ப்பு அல்ல, அடையாளத்தை மாற்றுவது. சேவை மையத்துக்கு அனுப்புங்கள், செலவை நீங்கள் ஏற்றுக்கொள்ளுங்கள். முதலில் "டவுன்லோட் ஒன்லி" என்று வைப்பதையே பழக்கமாக்கிக்கொள்ளுங்கள்.

சாம்சங்கில் ஃபர்ம்வேர் எண்ணின் கடைசியிலிருந்து ஐந்தாவது எழுத்தைப் பாருங்கள். அதுதான் பூட்லோடர் (போனை எழுப்பும் முதல் நிரல்) எண். போனில் 5 இருக்கும்போது 4 உள்ள கோப்பை எழுதப்போனால் "எஸ்டபிள்யூ ரெவ் செக் ஃபெயில்" என்று சிவப்பில் மறுக்கும். சமமானதோ பெரியதோ மட்டும். மலேசியப் போனுக்கு எக்ஸ்எம்இ என்ற நாட்டுக் குறியீடு உள்ள கோப்பு. சாம்சங்குக்கு எழுதும் மென்பொருளான ஓடினில் பிஎல், ஏபி, சிபி, சிஎஸ்சி என்ற நான்கு கோப்புகளையும் வைக்கிறோம். அந்தக் கடைசிப் பெட்டியில்தான் வாடிக்கையாளரின் படங்களின் தலையெழுத்து. "ஹோம் சிஎஸ்சி" வைத்தால் தரவு தங்கும், வெறும் "சிஎஸ்சி" வைத்தால் அழியும். பின் நம்பர் தெரிந்தவரின் பூட்லூப் போனுக்கு முதல் முயற்சி எப்போதும் ஹோம் சிஎஸ்சி. ஏபி கோப்பை ஏற்றும்போது ஓடின் உறைந்ததுபோல நிற்கும், மூடாதீர்கள், கோப்பைச் சரிபார்க்கிறது. "ரீ-பார்டிஷன்" பெட்டியில் குறியிடாதீர்கள். "செட்டப் கனெக்‌ஷன்" வரியிலேயே நின்றால் கேபிளையும் துளையையும் மாற்றுங்கள்.

அதிகாரபூர்வம் அல்லாத கோப்பை எழுதினால் சாம்சங்கின் பாதுகாப்புக் குறியான நாக்ஸ் குறி 0x0 இலிருந்து 0x1 ஆகும். அது சிப்புக்குள் எரியும் ஃபியூஸ், திரும்பாது. செக்யூர் ஃபோல்டரும் சாம்சங் பேயும் அந்தப் போனில் இனி இல்லை. கேட்காமல் இதைச் செய்தால் நஷ்ட ஈடு கேட்பதில் வாடிக்கையாளர் பக்கம் நியாயம் இருக்கிறது.

ஷாவ்மியில், அதற்கு எழுதும் மென்பொருளான மி ஃபிளாஷைத் திறந்ததும் கீழ்ப்பட்டையில் "கிளீன் ஆல் அண்ட் லாக்" என்றுதான் தேர்ந்திருக்கும். சீனாவுக்கென்று செய்த போனில் வெளிநாட்டுப் பதிப்பான குளோபல் ரோம் எழுதி, அந்தத் தேர்வையும் விட்டுவைத்தால், எழுதி முடித்த நொடியில் பூட்லோடர் பூட்டிக்கொள்ளும். "இந்தப் பதிப்பை இந்தச் சாதனத்தில் நிறுவ முடியாது" என்ற திரையோடு நின்றுவிடும். எழுதும் பொத்தானைத் தொடுமுன் அந்தப் பட்டையைப் பார்த்து "கிளீன் ஆல்" ஆக்குங்கள். இரண்டுமே தரவை அழிப்பவை என்பதையும் மறக்க வேண்டாம்.

திருப்பிக் கொடுக்கும்போது

வாடிக்கையாளர் முன்னாலேயே *#06# போட்டு, ஃபார்மில் எழுதிய எண்ணோடு ஒப்பிடுங்கள். சிம் போட்டு ஓர் அழைப்பு, ஒரு வைஃபை இணைப்பு, கேமரா. கூகுள் அல்லது ஆப்பிள் கணக்கை அவர் கையால் அவரே போடட்டும்; கடவுச்சொல்லை உங்களிடம் சொல்லவோ தாளில் எழுதவோ விடாதீர்கள். "நீங்களே போட்டுடுங்க தம்பி" என்று நீட்டும் அம்மாக்கள் உண்டு. பக்கத்தில் உட்கார வைத்துச் சொல்லிக் கொடுங்கள், ஆனால் தட்டுவது அவர் விரலாக இருக்கட்டும். போன் ஓட வேண்டும் என்பதற்காகக் கடையின் கணக்கைப் போட்டு அனுப்பினால், அடுத்த ரீசெட்டில் அது உங்கள் பெயரிலேயே பூட்டிக்கொள்ளும்.

புது பின் நம்பரை அமைத்ததும் மீட்பு மின்னஞ்சலும் மீட்புத் தொலைபேசி எண்ணும் இன்றைய எண்தானா என்று பார்க்கச் சொல்லுங்கள். பழைய பிரீபெய்ட் எண் அங்கே இருப்பதால்தான் பாதிப் பேர் உங்கள் கவுண்டருக்கு வருகிறார்கள். எடுத்த காப்புக் கோப்புக்கு ஐஎம்இஐயின் கடைசி ஆறு இலக்கத்தைப் பெயராக வைத்து, உத்தரவாதக் காலம் முடியும் நாளை ஃபார்மில் குறியுங்கள். அந்த நாளில் கோப்பை அழித்து, அழித்ததற்கு ஃபார்மிலேயே ஒரு டிக் போடுங்கள்.